கட்டிப் போடாமலும் பார்க்கலாம்

உளநல வாட்டில் சேர்த்த தம்பியைப் பார்க்கப் போகிறார் ஓர் அண்ணன். தம்பியின் கையைத் துணியால் கட்டிலோடு கட்டியிருக்கிறார்கள். அண்ணனுக்கு இரண்டு எண்ணம் வரும். ஒன்று: “இவங்களுக்கு இரக்கமே இல்லையா?” மற்றது: “லயத்தில நாமளும்தானே கட்டினோம். இந்த வருத்தத்துக்கு வேற வழி இல்லைபோல.” முதல் எண்ணத்தில் உள்ள கோபத்தைப் புரிந்துகொள்ளலாம். இரண்டாவது எண்ணம்தான் கூடுதலான கேடு செய்வது. வேறு வழிகள் இருக்கின்றன. உலகின் பல வாட்டுகளில் அவற்றைச் செய்து பார்த்து, கட்டுவதைக் குறைத்திருக்கிறார்கள். ஊவாவின் தோட்டக் குடும்பங்களுக்கு அந்த வழிகள் என்னவென்று தெரிந்திருந்தால், வாட்டில் உள்ளவர்களுக்கும் உதவலாம், உரிமையோடு கேள்வியும் கேட்கலாம்.

எவையெல்லாம் கட்டுப்பாட்டில் சேரும்?

கயிறும் துணியும் மட்டும் கட்டுப்பாடு என்று நினைக்கக்கூடாது. ஒருவருடைய விருப்பத்துக்கு எதிராக அவருடைய நடமாட்டத்தையோ தெரிவையோ தடுக்கும் எதுவும் இதில் அடங்கும். நான்கு பேர் சேர்ந்து அமுக்கிப் பிடிப்பது, கை கால்களைக் கட்டிலோடு கட்டுவது, தனி அறையில் போட்டுப் பூட்டுவது, நோய்க்காக இல்லாமல் சத்தத்தை அடக்குவதற்காகத் தூக்க ஊசி போடுவது, எல்லாமே கட்டுப்பாடுதான். வாட்டுக் கதவை எந்நேரமும் பூட்டி வைப்பது, போனை வாங்கி வைப்பது, “ஊசி போட விடாட்டி துண்டு வெட்ட மாட்டோம்” என்று மிரட்டுவது, சோற்றில் மருந்தைக் கலந்து கொடுப்பது ஆகியவையும் அப்படியே. கடைசியாகச் சொன்னதை வீட்டிலும் பலர் செய்கிறார்கள். ஒருநாள் நோயாளி அதைக் கண்டுபிடித்துவிட்டால், பிறகு வீட்டுச் சோறே இறங்காது. “சாப்பாட்டில விஷம் வைக்கிறாங்க” என்று ஏற்கெனவே சந்தேகப்படுகிறவருக்கு நாமே சாட்சி கொடுத்ததாகிவிடும்.

கட்டுவதில் அப்படியென்ன ஆபத்து?

முதல் ஆபத்து மூச்சு. குப்புறப் படுக்கவைத்து முதுகில் ஏறி அமுக்கும்போது நெஞ்சு விரிய முடியாது. “மூச்சு விட முடியல்ல” என்று அவர் திமிறுவதை முரட்டுத்தனம் என்று நினைத்து இன்னும் அழுத்துவார்கள். இப்படி உயிர்கள் போயிருக்கின்றன. லண்டனில் 2010இல் ஒலசெனி லூயிஸ் என்ற இளைஞர், மனநல வைத்தியசாலையில் பொலிஸார் 11 பேர் அமுக்கிப் பிடித்த பிறகு இறந்தார். அதன் பிறகுதான் மனநலப் பிரிவுகளில் பலத்தைப் பயன்படுத்துவதைக் கட்டுப்படுத்தும் சட்டம் 2018இல் இங்கிலாந்தில் வந்தது. “செனியின் சட்டம்” என்றே அதை அழைக்கிறார்கள்.

இரண்டாவது ஆபத்து இரத்த ஓட்டம். மணிக்கணக்காக அசையாமல் கிடந்தால் காலில் இரத்தம் உறையும். அந்தக் கட்டி நுரையீரலுக்குப் போனால் திடீர் மரணம் நேரலாம். இறுக்கிய கட்டினால் கை நரம்பு சேதமாகலாம். ஊசியின் மயக்கத்தில் வாந்தி எடுத்தால் அது மூச்சுக் குழாயில் போகலாம்.

மூன்றாவது பாதிப்பு வெளியில் தெரியாது. கட்டப்பட்டவர் அதை மறப்பதில்லை. துண்டு வெட்டி வீட்டுக்கு வந்த பிறகு கிளினிக் பக்கமே போகமாட்டார். மருந்து நின்றுபோகும், வருத்தம் திரும்பும், மறுபடியும் பலாத்காரமாகக் கொண்டுபோக வேண்டிவரும். ஒருமுறை கட்டியது அடுத்தமுறையும் கட்டுவதற்குக் காரணமாகிவிடுகிறது.

ஒருவர் ஏன் அந்தளவுக்குக் குழம்புகிறார்?

“பைத்தியம் முத்திட்டுது” என்பது பதிலாகாது. குழப்பத்துக்கு ஒவ்வொரு முறையும் ஒரு காரணம் இருக்கும். அதைக் கண்டுபிடித்தால் பாதிக் குழப்பம் அங்கேயே அடங்கும்.

உடம்பு வருத்தம் ஒரு காரணம். சீனி திடீரென்று குறைந்தாலும், கடுங்காய்ச்சலிலும், விழுந்து தலையில் அடிபட்டாலும் ஆள் தடுமாறி முரட்டுத்தனமாக நடப்பார். வயதானவர்களுக்குச் சலத்தில் கிருமி தொற்றினாலே புத்தி தடுமாறும்.

குடியை நிறுத்துவது இன்னொன்று. தினமும் கசிப்போ சாராயமோ குடித்தவர் வாட்டுக்கு வந்ததும் குடி சட்டென்று நின்றுபோகிறது. பெரும்பாலும் இரண்டு மூன்று நாளில் கை நடுங்கும், வியர்க்கும், வலிப்பும் வரலாம். சுவரில் பூச்சி ஊர்வதாகச் சொல்வார். இது உயிருக்கு ஆபத்தான நிலை. தேவைப்படுவது சரியான மருந்து, நீர், வைட்டமின் பி1. கட்டிப் போட்டால் அவர் திமிறித் திமிறி உடம்பு இன்னும் மோசமாகும். ஆகவே, எவ்வளவு குடிப்பார், கடைசியாக எப்போது குடித்தார் என்பதை வெட்கப்படாமல் டொக்டரிடம் சொல்லிவிட வேண்டும்.

மருந்தே காரணமாகிவிடுவதும் உண்டு. ஹலோபெரிடோல் போன்ற ஊசிகளுக்குப் பிறகு சிலருக்குக் கழுத்து ஒருபக்கம் திருகும், நாக்கு இழுக்கும். சிலருக்கு இருக்கவும் முடியாது, நிற்கவும் முடியாது. கால் ஓயாமல் நடக்கச் சொல்லும். வெளியிலிருந்து பார்த்தால் ஆள் மறுபடியும் குழம்புவதுபோல் இருக்கும். அதைப் பார்த்து இன்னொரு ஊசி போட்டால் வேதனை இரட்டிப்பாகும். மருந்தைக் குறைத்தோ மாற்றியோ இதைச் சரிசெய்யலாம்.

மிச்சமுள்ளவை மிகச் சாதாரணமானவை: பயம், காத்திருப்பு, கேட்டது கிடைக்காமை. வீட்டுக்கு ஒரு கோல் எடுக்கக் கேட்டு “பிறகு” என்ற பதில். வெற்றிலை போட்டே பழகிய வாய்க்கு மூன்று நாளாக வெற்றிலை இல்லை. பிள்ளை பெற்ற சில நாளில் வருத்தம் வந்த தாய்க்குக் குழந்தை எங்கே என்று தெரியவில்லை. பெண் நோயாளியை ஆண் அட்டென்டன்ட் கையைப் பிடித்து இழுக்கிறார். கட்டுவது வரை போகிற சண்டைகள் பல இப்படித்தான் ஆரம்பிக்கின்றன.

தோட்டத்திலிருந்து வாட்டுவரை

ஊவாவில் இந்தக் கதை வாட்டுக்கு வெளியிலேயே தொடங்கிவிடுகிறது. லயத்தில் ஒரு காம்பராவுக்கும் அடுத்ததற்கும் நடுவே ஒரு சுவர்தான். இரவில் ஒருவர் சத்தம் போட்டால் தொங்கல் வீடுவரை யாருக்கும் தூக்கமில்லை. முதலில் கோடாங்கியைக் கூப்பிடுவார்கள், திருநீறு போடுவார்கள். வாரங்கள் போகும். ஆள் சாப்பாட்டையும் தூக்கத்தையும் விட்ட பிறகு, நாலு இளந்தாரிகள் சேர்ந்து சாரத்தாலோ சேலையாலோ கட்டி, ஆட்டோவில் போட்டு, மடுல்சீமையிலிருந்தோ லுணுகலையிலிருந்தோ கொஸ்லாந்தையிலிருந்தோ மலைப்பாதையில் இறக்கிக் கொண்டுவருவார்கள். வாட்டு வாசலில் அவர் வந்து சேரும்போது உடம்பில் காயம், மனதில் கிலி. அந்த நிலையில் வெள்ளை உடுப்புப் போட்ட நாலு பேர் சூழ்ந்தால் அவர் அடிக்கத்தான் வருவார்.

இதற்குக் குடும்பத்தைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. ஆனால் மூன்று விஷயத்தை மாற்றலாம்.

முதலாவது, முந்திப் போவது. தூக்கம் குறைவது, தனியாகப் பேசுவது, மருந்தை ஒளிப்பது ஆகியவை தெரிந்தவுடனே கிளினிக்குக்குக் கூட்டிப் போனால், அவர் பெரும்பாலும் தன் காலால் நடந்தே வருவார்.

இரண்டாவது, பொய் சொல்லாமல் கூட்டிப் போவது. “டவுனுக்கு”, “கோயிலுக்கு” என்று ஏமாற்றி ஆஸ்பத்திரியில் இறக்கினால், நம்பிய ஒரே ஆளும் துரோகியாகிவிடுகிறார். “உனக்குத் தூக்கம் இல்ல, டொக்டர்கிட்டக் காட்டுவம், நான் கூடவே இருப்பன்” என்று சொன்னால் போதும். அதில் பொய்யில்லை.

மூன்றாவது, உதவி கேட்பது. 1990 ‘சுவசெரிய’ அம்புலன்ஸ் இலவசம். லயம்வரை வண்டி ஏறாவிட்டால் சந்திக்கு வரச் சொல்லலாம். தேசிய உளநல நிறுவகத்தின் 1926 தொலைபேசி இலக்கத்தில் என்ன செய்வதென்று கேட்கலாம்.

ஒருகாலத்தில் மனவருத்தம் என்றால் அங்கொடை ஆஸ்பத்திரிதான். பதுளையிலிருந்து கொழும்புக்கு ஏறக்குறைய 290 கிலோமீட்டர் ரயில் பாதை, அதற்கப்பால் அங்கொடை. போனவரைப் பார்க்கக் குடும்பத்தால் போக முடியாது. 2005இல் வந்த தேசிய உளநலக் கொள்கை, மாவட்டத்துக்கு மாவட்டம் உளநல வாட்டும் சமூகச் சேவையும் வேண்டும் என்றது. ஆள் இப்போது ஊருக்குக் கிட்ட இருக்கிறார், குடும்பமும் பக்கத்தில் நிற்கலாம். ஆனால் துணைக்கு நிற்பவருடைய அன்றைய பேர் போய்விடும். பேர் இல்லாத நாளுக்குச் சம்பளமும் இல்லை. “வீட்டாக்கள் வாறதில்ல” என்று வாட்டில் சொல்லும்போது இந்தக் கணக்கும் அவர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். முழுநாள் நிற்க முடியாவிட்டாலும், சேர்த்த முதல் சில நாள்கள், குறிப்பாகப் பொழுது சாய்ந்த பிறகு, முறைபோட்டு ஒருவர் பக்கத்தில் இருந்தால் அதன் பலன் பெரியது.

மொழி தெரியாத இடத்தில் கை பேசும்

ஊவாவில் வைத்தியசாலை ஊழியர்களில் பெரும்பாலோர் சிங்களம் பேசுகிறவர்கள். தோட்டத்து ஆளுக்குக் கடையில் சாமான் வாங்கும் அளவுக்குச் சிங்களம் தெரிந்திருக்கலாம். காதில் கேட்கும் குரலையும் நெஞ்சில் இருக்கும் பயத்தையும் சொல்ல அது போதாது. வருத்தம் கூடும்போது தாய்மொழி மட்டுமே வாயில் வரும். அவர் “தண்ணி” என்று கத்துகிறார். அது விளங்காத தாதிக்குக் கத்தல் மட்டும்தான் கேட்கிறது. பேசி அடக்கக்கூடிய குழப்பம் கட்டி அடக்கப்படுவது இந்த இடத்தில்தான்.

தமிழில் அரச நிறுவனங்களோடு தொடர்புகொள்ளும் உரிமையை அரசியலமைப்பின் நான்காம் அத்தியாயம் தருகிறது. வாட்டுக்கு அது எட்ட வேண்டுமானால் தமிழ் பேசும் தாதியரும் உளநல ஊழியர்களும் நியமிக்கப்பட வேண்டும். அதுவரை செலவில்லாமல் செய்யக்கூடியதும் ஒன்று உண்டு. “பயப்படாதீங்க”, “உங்க பேர் என்ன?”, “எங்க வலிக்குது?”, “தண்ணி வேணுமா?”, “யாருக்குக் கோல் எடுக்கணும்?”, “நான் பக்கத்திலதான் இருக்கன்” என்ற வகையில் பத்துத் தமிழ் வசனங்களைச் சிங்கள எழுத்தில் எழுதி, வாட்டு மேசையில் ஒட்டலாம். உச்சரிப்புப் பிசகினாலும் பரவாயில்லை. தன் மொழியில் பேச ஒருவர் முயல்கிறார் என்பதே ஆளை அமர்த்தும்.

மற்ற இடங்களில் எப்படிக் குறைத்தார்கள்?

இது புதிய யோசனை கிடையாது. 1839இல் லண்டனுக்கு அருகே ஹான்வெல் மனநோய் வைத்தியசாலையில் ஜோன் கொனொலி என்ற மருத்துவர் கட்டுவதை அடியோடு நிறுத்தினார். அப்போது இன்றைய மருந்துகளில் ஒன்றுகூட இல்லை. இத்தாலியில் ஃபிராங்கோ பசாலியா முன்னின்று நடத்திய இயக்கத்தின் பயனாக 1978இல் வந்த சட்டம் பெரிய மனநோய் வைத்தியசாலைகளை மூடும் வழியைத் திறந்தது. திரியெஸ்தே நகரில் கதவு பூட்டாமலே சேவை நடத்திக் காட்டினார்கள்.

இப்போது அதிகம் பின்பற்றப்படுவது இங்கிலாந்தில் லென் பவர்ஸ் என்ற தாதியியல் பேராசிரியர் உருவாக்கிய ‘சேஃப்வார்ட்ஸ்’ முறை. 15 வைத்தியசாலைகளின் 31 வாட்டுகளில் அதைச் சோதித்து 2015இல் முடிவை வெளியிட்டார்கள். சண்டை சச்சரவு 15 சதவீதமும், கட்டுதல், பூட்டுதல், வற்புறுத்தி ஊசி போடுதல் போன்றவை 26.4 சதவீதமும் குறைந்தன. அதில் உள்ள பத்து வழிகளுக்கும் பெரிய செலவில்லை. “செய்யாதே” என்பதைத் தன்மையான சொல்லில் சொல்வது. கெட்ட செய்தி வரப்போகிறதென்றால், அதாவது துண்டு வெட்டுவது தள்ளிப்போனாலோ வீட்டிலிருந்து யாரும் வராவிட்டாலோ, முன்பே பக்கத்தில் உட்கார்ந்து பேசுவது. ஊழியரும் நோயாளியும் ஒருவரையொருவர் ஊர், விருப்பம், பொழுதுபோக்கு என்று அறிந்துவைப்பது. ஒரு குழப்பம் நடந்ததும், பார்த்துப் பயந்துபோன மற்ற நோயாளிகளிடம் போய் ஆறுதல் சொல்வது. சுகமாகிப் போகிறவர்கள் புதிதாக வருகிறவர்களுக்கு நம்பிக்கையாக நாலு வரி எழுதிவிட்டுப் போவது.

அமெரிக்காவில் செய்து பார்த்த வழிகளில் ஒன்று, கணக்கு வைப்பது. யாரை, எப்போது, ஏன், எவ்வளவு நேரம் கட்டினோம் என்று ஒவ்வொரு முறையும் எழுதி, மாதம் ஒருமுறை பொறுப்பானவர் அதை வாசிக்க வேண்டும். இரவு ஒன்பது மணிக்குத்தான் அதிகம் நடக்கிறதென்று தெரிந்தால் அந்த நேரத்துக்கு ஓர் ஆளைக் கூட்டலாம். எழுதி வைக்காத இடத்தில் எது கூடுகிறது, எது குறைகிறது என்று யாருக்கும் தெரியாது.

வாட்டில் வேலை செய்கிறவர்களின் பக்கமும் ஒன்று உண்டு. நிறைந்த வாட்டில் இரவுக்கு ஓரிருவர் மட்டும் நின்றால் அவர்களுக்கும் பயம் வரும், அடிபடுவதும் உண்டு. ஆள் பற்றாமைதான் பல இடங்களில் கயிற்றைக் கையில் எடுக்கவைக்கிறது. ஆகவே கட்டுவதைக் குறைக்கச் சொல்கிறவர்கள் ஊழியரைக் கூட்டச் சொல்லியும் கேட்க வேண்டும்.

சட்டம் என்ன சொல்கிறது?

தமிழர் மறக்கக்கூடாத தேதி 2001 ஆகஸ்ட் 6. இராமநாதபுரம் மாவட்டத்தின் ஏர்வாடியில், தர்காவை நம்பி வந்த மனநோயாளிகளை வைத்திருந்த ஒரு காப்பகத்தில் தீப்பிடித்தது. சங்கிலியில் பிணைக்கப்பட்டிருந்ததால் ஓட முடியாமல் 28 பேர் இறந்தார்கள். பின்னர் இந்தியாவில் வந்த 2017ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டம், மனநோயாளியைச் சங்கிலியால் கட்டுவதை எந்த வடிவத்திலும் தடைசெய்தது. தனி அறையில் அடைப்பதையும் தடுத்தது. உடனடி ஆபத்தைத் தடுக்க வேறு வழியே இல்லாதபோது மட்டும், மனநல மருத்துவரின் அனுமதியோடு, தேவையான நேரத்துக்கு மட்டும் கட்டலாம். தண்டனையாகக் கட்டக்கூடாது. ஆள் பற்றாது என்பதையும் காரணமாகக் காட்ட முடியாது. காரணத்தையும் நேரத்தையும் பதிய வேண்டும். நோயாளி நியமித்த பிரதிநிதிக்கு 24 மணி நேரத்துக்குள் சொல்ல வேண்டும்.

இலங்கையில் உள்ள மனநோய்கள் கட்டளைச் சட்டத்தின் அடித்தளம் 1873இல் போடப்பட்டது, 1956இல் திருத்தினார்கள். யாரை எப்படி உள்ளே சேர்ப்பது என்பதுதான் அதன் பெரிய கவலை. உள்ளே வந்தவரை எப்படி நடத்துவது என்பதில் இந்தியச் சட்டத்தைப் போன்ற தெளிவான காப்பு அதில் இல்லை. புதிய சட்டத்துக்கான வரைவுகள் பல ஆண்டுகளாகவே பேசப்படுகின்றன.

அதனால் நோயாளி உரிமையற்றவர் ஆகிவிடமாட்டார். கொடூரமான, மனிதத்தன்மையற்ற, இழிவான நடத்துகைக்கு எவரையும் உட்படுத்தக்கூடாது என்று அரசியலமைப்பின் 11ஆம் உறுப்புரை சொல்கிறது. அரச வைத்தியசாலைக்கும் அது பொருந்தும். மாற்றுத்திறனாளிகளின் உரிமைகளுக்கான ஐ.நா. சமவாயத்தை இலங்கை 2016இல் ஏற்றுக்கொண்டது. நீடித்த மனநோய் உள்ளவர்களும் அதில் அடங்குவர்.

தவிர்க்கவே முடியாவிட்டால்?

சிலவேளை யாராவது சாகாமல் தடுக்கப் பிடிக்க வேண்டியே வரும். அப்போதும் ஒழுங்கு உண்டு. குப்புறப் படுக்கவைத்து அமுக்கக்கூடாது. கழுத்திலும் நெஞ்சிலும் பாரம் ஏற்றக்கூடாது. ஒருவர் தலைப்பக்கம் நின்று பேசிக்கொண்டே இருக்க வேண்டும். கையால் பிடிப்பது பத்து நிமிடத்துக்கு மேல் நீளாமல் பார்க்க வேண்டும் என்பது பிரித்தானிய மருத்துவ வழிகாட்டலின் அறிவுரை. ஊசி போட்டால் மூச்சு, நாடி, பிரஷர் ஆகியவற்றைத் தொடர்ந்து பார்க்க வேண்டும். தண்ணீரும் மலசலகூடமும் மறுக்கக்கூடாது. பெண்ணைப் பெண் ஊழியரே பிடிக்க வேண்டும். ஏன் பிடித்தோம், என்ன ஆனால் விடுவோம் என்பதை அவருக்கு விளங்கும் மொழியில் சொல்ல வேண்டும். அவர் தெளிந்த பிறகு, “அப்போது என்ன செய்திருந்தால் உங்களுக்கு உதவியாக இருந்திருக்கும்?” என்று கேட்க வேண்டும். அடுத்தமுறை கட்டாமலிருக்க வழி அந்தப் பதிலில்தான் கிடைக்கும்.

குடும்பம் செய்யக்கூடியவை

நோயாளி சுகமாக இருக்கும்போதே அவரோடு உட்கார்ந்து ஒரு தாள் எழுதுங்கள். பேசும் மொழி, எதைக் கண்டால் பயம், எதைச் செய்தால் அமைதி (தேத்தண்ணீர், பாட்டு, தனியாக உட்காருவது, அம்மாவோடு போனில் பேசுவது), எந்த ஊசிக்குக் கழுத்து திருகியது, சீனி, வலிப்பு போன்ற வேறு வருத்தங்கள், குடிப் பழக்கம், யாருக்குக் கோல் எடுக்க வேண்டும். தமிழில் ஒன்று, முடிந்தால் சிங்களத்தில் ஒன்று எழுதிக் கிளினிக் கொப்பியில் ஒட்டுங்கள். தோட்டத்துப் பள்ளிக்கூட ஆசிரியரோ கிராம சேவகரோ மொழிபெயர்த்துத் தருவார்.

வாட்டில் கட்டியிருப்பதைக் கண்டால் சண்டைக்குப் போக வேண்டாம். பொறுப்பான தாதியிடம் நாலு கேள்வி கேளுங்கள்: ஏன் கட்டினீர்கள், எப்போதிலிருந்து, எந்த டொக்டர் சொன்னார், எப்போது அவிழ்ப்பீர்கள்? “நான் பக்கத்தில இருந்தா அவிழ்க்கலாமா?” என்றும் கேளுங்கள்.

காயமோ அடித்த அடையாளமோ இருந்தால் திகதியும் நேரமும் எழுதிவைத்து, வைத்தியசாலைப் பணிப்பாளருக்கு எழுத்தில் கொடுங்கள். இலங்கை மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்குப் பதுளையில் பிராந்திய அலுவலகம் இருக்கிறது, அங்கும் முறையிடலாம். அடிப்படை உரிமை வழக்கு என்று உயர் நீதிமன்றம் போவதற்கு ஒரு மாதம்தான் அவகாசம். அந்த ஒரு மாதத்துக்குள் ஆணைக்குழுவில் முறையிட்டால், அங்கே விசாரணை நடக்கும் காலம் அவகாசத்தில் கழியாது.

முறைப்பாடு நடந்து முடிந்த கட்டுக்கு. அந்தத் தாள் இனி நடக்கவிருப்பதைத் தடுப்பதற்கு. அதை எழுத நோயாளிக்கே தெளிவு வேண்டும். ஆகவே வருத்தம் கூடும்வரை காத்திருக்காமல், அடுத்த கிளினிக் நாளுக்கு முன் எழுதி, டொக்டரிடம் காட்டிக் கையெழுத்தும் வாங்கிவிடுங்கள்.